புவனத்துக்கு எதிராக நான் பேசியது

மகனே,

சுகம் விசாரிப்பதெல்லாம் ஞாயிற்றுக்கிழமை டெலிபோனிலேயே முடிந்துவிட்டது. நேரத்துக்குச் சாப்பிடுகிறாய், குளிருக்குத் தொப்பி போடுகிறாய் என்று சொன்னாய். இரண்டும் பொய் என்று எனக்குத் தெரியும், விடு. இந்தக் கடிதம் வேறு விஷயத்துக்கு. அன்றைக்கு நீ சிரித்தாயே ஒரு சிரிப்பு, அதற்காக எழுதுகிறேன்.

அந்த அமெரிக்கப் பெண்களைப் பற்றிச் சொன்னாய். அந்தக் காலத்தில் பெண்களுக்கு வோட்டு வேண்டும் என்று ஒரு பகுதிப் பெண்கள் தெருவில் இறங்கிப் போராட, வேண்டவே வேண்டாம் என்று சொல்வதற்கும் ஒரு பகுதிப் பெண்கள் சங்கம் வைத்திருந்தார்களாம். பெட்டி கட்டி, ரயில் ஏறி, நகரம் நகரமாகப் போய், பெண்ணுக்கு வீடுதான் இடம், மேடை அல்ல என்று மேடையில் நின்று மணிக்கணக்காகப் பேசினார்களாம். "பிள்ளையளை ஆரிட்ட விட்டிட்டுப் போச்சினமோ தெரியாது, அம்மா" என்று நீ சிரிக்க, நானும் சேர்ந்து சிரித்தேன். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தேன். அப்பா பேப்பரைத் தாழ்த்திப் பிடித்து என்ன பகிடி என்று கேட்டார். ரிசீவரை வைத்துவிட்டு அவருக்குச் சொல்லப் போனேன், வாய் வரவில்லை. ஒன்றுமில்லை என்று குசினிக்குள் போய் நின்றுகொண்டேன். நானும் அந்த மேடையில் ஏறியவள்தான் தம்பி. சிக்காகோவில் இல்லை, லண்டன் ஈஸ்ட் ஹாமில்.

நீ வரலாறு படிக்கப் போகிறேன் என்றபோது நான் போட்ட ஆர்ப்பாட்டம் உனக்கு மறந்திருக்காது. அதுவும் அமெரிக்க வரலாறு, அதிலும் பெண்களின் வரலாறு. ஊரில் உள்ள பிள்ளைகள் எல்லாம் கணக்கும் மருந்தும் படிக்க, என் பிள்ளை மட்டும் செத்துப்போன வெள்ளைக்காரிகளின் கடிதங்களைப் படிக்கக் கப்பல் ஏறப் போகிறானே என்று அழுதேன். கோயிலில் யாரும் கேட்டால் 'டொக்டர் பட்டத்துக்குப் படிக்கிறான்' என்பேன், பட்டத்தைக் கொஞ்சம் மெதுவாகச் சொல்லுவேன். ஒரு மனுசி தன் முழங்கால் வலிக்கு உன்னிடம் கேட்டு மருந்து எழுதி வாங்கித் தரும்படி சொன்னாள். அந்தப் பகிடியெல்லாம் முடிந்துவிட்டது. இப்போது நீ இல்லாத வீட்டில் ஞாயிற்றுக்கிழமை ஐந்து மணி ஆகும்வரை எனக்கு ஒரு வேலையும் ஓடாது. மணி அடித்தால் அப்பா எழும்பமாட்டார், என் கால்தான் முதலில் போகும். நீ என்ன கதைத்தாலும் கேட்டுக்கொண்டிருப்பேன். அந்தப் பெண்களைப் பற்றி நீ இரண்டு வருஷமாகக் கதைக்கிறாய். இவ்வளவு நாளும் கேட்டுக்கொண்டிருந்தவளுக்கு அன்றைக்குத்தான் உறைத்தது.

உனக்குப் புவனம் அன்ரியை ஞாபகம் இருக்கும். ஈஸ்ட் ஹாமில் நாங்கள் இருந்த தெருவில் மூன்று வீடு தள்ளி, மேல்மாடி அறை இரண்டில் மகள் நளினியுடன் இருந்தாள். பள்ளிக்கூடம் விட்டு வந்தால் நீ எங்கள் வீட்டுக்கு வருவதற்கு முதல் அங்கே ஏறி, அவள் சுடும் றோல்ஸில் இரண்டை வாயில் அடைத்துக்கொண்டுதான் வருவாய். நான் திட்டுவேன், அவள் உன் பக்கம் கதைப்பாள். அவளுக்கு என்னைவிட எட்டு வயது குறைவு. அக்கா, அக்கா என்று எதற்கும் என்னிடம்தான் வருவாள். கவுன்சில் கடிதம் வந்தால் என்னிடம் வாசிக்கக் கொண்டு வருவாள், எனக்குக் காய்ச்சல் என்றால் ஷிப்ட் முடிந்த கையோடு கஞ்சியோடு வருவாள். அவளுடைய மனுசனை ஊரில் ஒரு சுற்றிவளைப்பில் ஆமிக்காரர் பிடித்துக்கொண்டு போனார்கள். அதற்குப் பிறகு இருக்கிறார் என்றும் சேதி இல்லை, இல்லை என்றும் சேதி இல்லை. அவள் பொட்டை அழிக்கவில்லை. சிலபேர் அதையும் ஒரு குறையாகக் கதைத்தார்கள். நான் அவர்களோடு சண்டைக்குப் போயிருக்கிறேன், அதையும் சொல்லத்தான் வேண்டும். எல்லாவற்றிலும் நான் கெட்டவளாக இருக்கவில்லை.

சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளி அப்போது எங்கள் தெருவுக்குப் பக்கத்தில், வாடகைக்கு எடுத்த மண்டபத்தில் நடந்தது. மேசை அடுக்குவது, பிள்ளைகளுக்குப் படிப்பிப்பது, தேத்தண்ணீர் ஊற்றுவது, மண்டபத்தைக் கூட்டுவது எல்லாம் தாய்மார். ஆனால் பெற்றோர் சங்கத்தில் ஒரு வீட்டுக்கு ஒரு வோட்டு, அதைக் குடும்பத் தலைவர் நேரில் வந்து கை உயர்த்திப் போட வேண்டும் என்று விதி. அந்த விதியை எழுதினவர்களில் உன் அப்பாவும் ஒருவர், சங்கத்துக்கு அவர்தான் செயலாளர். அதில் ஏதும் பிழை இருப்பதாக ஒருவருக்கும் தோன்றவில்லை, எனக்கும் தோன்றவில்லை. பிள்ளையைச் சேர்க்கிற படிவத்தில் 'குடும்பத் தலைவர்' என்று ஒரு கோடு இருக்கும். புவனம் அந்தக் கோட்டில் வருஷா வருஷம் தன் மனுசனுடைய பெயரைத்தான் எழுதினாள்.

உனக்குப் பதின்மூன்று வயதாக இருந்தபோது, இந்த மண்டபம் சிறிசு, கார் விட இடமில்லை, இல்ஃபோர்டுக்கு அப்பால் ஒரு பெரிய மண்டபம் கிடைக்கிறது, பள்ளியை அங்கே மாற்றுவோம் என்று கதை வந்தது. கார் வைத்திருந்த தகப்பன்மாருக்கு நல்ல சந்தோஷம். நாங்களும் இல்ஃபோர்டில் வீடு பார்த்துக்கொண்டிருந்த காலம். புவனத்துக்கு அங்கே போக இரண்டு பஸ். சனிக்கிழமை பின்னேர ஷிப்டுக்கு அவள் திரும்பி வர நேரம் காணாது. அவளைப் போல இன்னும் ஏழெட்டுத் தாய்மார் இருந்தார்கள். கூட்டத்தில் எதிர்த்துக் கை உயர்த்தலாமா என்று அவள் சங்கத் தலைவரிடம் போய்க் கேட்டிருக்கிறாள். "உங்கட வீட்டு வோட்டை அவர் வந்துதான் போடவேணும், தங்கச்சி" என்று அவர் சொல்லியிருக்கிறார். பிறகு அவருக்கே ஒரு மாதிரியாகிப்போய், படிவத்தில் உங்கள் பெயரை எழுதிவிடுங்கள், பிரச்சினை தீர்ந்தது என்று யோசனை சொன்னாராம். நல்ல மனுசன்தான், கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை.

அதைச் சொல்லிக்கொண்டு அவள் என் குசினியில் வந்து இருந்தாள். நான் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தேன். எழுதிவிடேன், ஒரு கோடுதானே என்று நானும் சொன்னேன்.

"நான் என்ர பேரை எழுதினா, அவர் இல்லையெண்டு நானே எழுதிக் குடுத்த மாதிரி அக்கா. எனக்கு அது ஏலாது."

வேறு வழி என்ன என்று இரண்டுபேரும் யோசித்தோம். அவளுக்குத்தான் அது தோன்றியது. குடும்பத் தலைவர் என்ற கதையே வேண்டாம், தாயும் தகப்பனும் ஆளுக்கொரு வோட்டுப் போடலாம் என்று விதியை மாற்றக் கேட்போம், அப்படியென்றால் மனுசன் பெயர் இருந்த இடத்தில் இருக்கும், நான் என் கையை உயர்த்தலாம் என்றாள். எனக்கு அது நல்லாகப் பிடித்தது. கூட்டத்தில் அவள் சொல்வது, ஒருவர் எழும்பி அதை வழிமொழிய வேண்டும். நான் எழும்புறன், நீ பயப்பிடாதை என்று சொன்னது நான்தான். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு இருந்தாள். வெங்காயக் கை, அதையும் பார்க்கவில்லை.

இனி நான் எழுதப் போவதற்கு அப்பாவைக் குற்றம் சொல்லாதே. கூட்டத்தன்று இல்ஃபோர்டில் ஒரு வீடு பார்த்துவிட்டு, நேரே மண்டபத்துக்குக் காரில் வரும்போது அவரிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் முகம் கொஞ்சம் சுருங்கியது, அவ்வளவுதான். 'உன்ர விருப்பம்' என்றார். சனம் என்ன கதைக்கும் என்றுகூடச் சொல்லவில்லை. செயலாளருடைய மனுசியே செயலாளர் எழுதின விதிக்கு எதிராக எழும்பினாள் என்று சனம் கதைக்கும் என்பதை நானாகத்தான் யோசித்தேன். மண்டபம் வரும்வரை அதையேதான் யோசித்துக்கொண்டு வந்தேன்.

இன்னொன்றும் இருக்கிறது. நான் ஊரில் படிக்கும்போது விவாதப் போட்டியில் என்னை அடிக்க ஆள் கிடையாது. எந்தப் பக்கம் தந்தாலும் பேசுவேன், எதிர்ப் பக்கம் தந்தாலும் வெல்லுவேன். கலியாணம் முடித்து லண்டன் வந்து, தொழிற்சாலையில் பெட்டி ஒட்டி, பிறகு பள்ளிக்கூடச் சாப்பாட்டுக்கூடத்தில் கரண்டி பிடித்து, பதினைந்து வருஷம் என் வாய் வீட்டுக்குள்ளேயே கிடந்தது. அந்த வாய்தான் உன்னையும் அப்பாவையும் போட்டு வறுத்தது, நீ அறிவாய்.

புவனம் எழும்பிப் பேசினாள். நல்லாகப் பேசினாள் என்று சொல்ல மாட்டேன். பாதி வசனம் விழுங்கிவிட்டாள். தன்னுடைய மனுசனைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை. தாய்மாரும் வேலை செய்யினம், தாய்மாருக்கும் ஒரு வோட்டுத் தரவேணும் என்று சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாள். வழிமொழிகிறவர் யார் என்று தலைவர் கேட்டார். நான் எழும்பினேன். மண்டபத்தில் இருந்த அவ்வளவு பேரும் திரும்பினார்கள். முன் வரிசையில் பெரிய மனுசர், பக்கத்தில் அவர்களின் பெண்சாதிமார், கரையில் அப்பா கொப்பியும் பேனையுமாக. புவனத்தின் பேச்சில் எத்தனை ஓட்டை இருக்கிறது, மற்றப் பக்கத்தில் நின்று அதை எப்படி உடைக்கலாம் என்று என் தலைக்குள் தானாக ஓடியது. நான் வாயைத் திறந்தேன்.

"எங்களுக்கு இந்த வோட்டுத் தேவையில்லை. நாங்கள் வீட்டில சொல்லுறதைத்தான் இவை இஞ்ச வந்து கையை உயர்த்துறவை. ஆம்பிளை இருக்கிற வீட்டில பொம்பிளைக்கு என்னத்துக்கு வேற வோட்டு?"

இரண்டாவது வசனத்துக்குச் சிரித்தார்கள். மூன்றாவது வசனத்துக்குக் கைதட்டினார்கள். பெண்சாதிமார்தான் கூடத் தட்டினார்கள். நான் இன்னும் நாலு வசனம் பேசினேன், என்ன பேசினேன் என்று தெரியாது. புவனத்தின் முகத்தைப் பார்த்துவிட்டேன். கோபம் இல்லை அதில். நான் எந்த வீட்டில் ஆம்பிளை இல்லையென்று சொன்னேன் என்பதை அவள் கணக்காகக் கேட்டுவிட்டாள், அவ்வளவுதான். அவள் கதிரையில் இருந்தாள். வழிமொழிய வேறு ஒருவரும் எழும்பவில்லை. அடுத்த விஷயம் மண்டபம், அது பத்து நிமிஷத்தில் முடிந்தது. கூட்டம் கலைந்ததும் அவள் வழக்கம் போலக் கோப்பைகளைத் தட்டில் அடுக்கிக்கொண்டு குசினிக்குள் போனாள். அப்பா காரில் காத்துக்கொண்டிருக்கிறார் என்று நான் முன்வாசலால் போய்விட்டேன்.

நளினி ஏன் வருகிறாளில்லை என்று நீ புது மண்டபத்தில் கேட்டாய். கிட்டடியில் வேறு பள்ளி கிடைத்துவிட்டது என்றேன். புவனம் அன்ரி ஏன் வீட்டுக்கு வருகிறாவில்லை என்று கேட்டாய். ஷிப்ட் மாறிவிட்டது என்றேன். இரண்டும் பச்சைப் பொய். தெருவில் கண்டால் சிரிப்பாள், தலையாட்டுவாள், ஆனால் நிற்க மாட்டாள். மூன்று வீடு தள்ளி இருக்கிறவளைத் தேடி நான் மூன்று வீடு நடக்கவில்லை. முதல் கிழமை வெட்கம், இரண்டாம் கிழமை ரோஷம், பிறகு நாள் கடந்துவிட்டது என்ற சாட்டு. ஆறு மாதத்தில் நாங்கள் இல்ஃபோர்டுக்கு வந்தோம். அடுத்த வருஷம் அவள் தமையனோடு கனடா போய்விட்டாள் என்று கேள்விப்பட்டேன். சொல்லிக்கொண்டு போகவில்லை. சொல்வதற்கு நான் யார். இன்றைக்கும் ஹை ஸ்ட்ரீட் நோர்த்தில் கடைக்குப் போனால் அவளுக்கும் சேர்த்து வல்லாரையை இரண்டு கட்டு எடுத்துவிட்டு ஒன்றைத் திருப்பி வைக்கிறேன். எத்தனை சிநேகிதிகள் பிறகு வந்தார்கள். கஞ்சி கொண்டு வருகிறவர்களும் இருக்கிறார்கள். ஆனால் என்னை அக்கா என்று கூப்பிட்டுவிட்டு, கூப்பிட்டதற்கு ஒரு காரணமும் இல்லாமல் சும்மா இருக்கிறவள் வரவில்லை.

நீ ஞாயிற்றுக்கிழமை இன்னொன்றும் கேட்டாய். வோட்டு வேண்டாம் என்று பேசித் திரிந்த பெண்களில் கனபேர், வோட்டுக் கிடைத்த பிறகு வரிசையில் நின்று போட்டார்களாம், வெட்கமாக இருந்திருக்காதா என்று. நான் சொல்கிறேன் கேள். மூன்று வருஷம் கழித்துப் புதிய நிர்வாகம் வந்தது. தாய் தகப்பன் ஆளுக்கொரு வோட்டு என்று விதியைச் சத்தமில்லாமல் மாற்றினார்கள். ஒரு விவாதமும் இல்லை, ஒரு கைதட்டலும் இல்லை. அடுத்த கூட்டத்தில் எனக்கும் கை உயர்த்தச் சொன்னார்கள், உயர்த்தினேன். அப்பா ஒரு பக்கம் உயர்த்தினார், நான் மறுபக்கம் உயர்த்தினேன். வீட்டுக்கு வந்து இரண்டுபேரும் சண்டையும் பிடித்தோம், நல்ல சந்தோஷமாக இருந்தது. வெட்கம் அன்றைக்கு வரவில்லை. கை கீழே வந்த பிறகு, பக்கத்தில் காலியாக இருந்த கதிரையைப் பார்த்தபோதுதான் வந்தது.

அந்தப் பெண்களுக்கு உலகம் விளங்கவில்லை, பாவங்கள் என்று நீ உன் ஆராய்ச்சியில் எழுதிவிடாதே. உனக்கு நல்ல மனம், அப்படித்தான் எழுதப் பார்ப்பாய். எங்களுக்கு விளங்கியது. எந்த வீட்டில் யார் இல்லை, யாருக்கு எத்தனை பஸ் என்றெல்லாம் எங்களுக்குத் தெரியும். எங்களுக்கு ஒரு குறையும் இருக்கவில்லை, முன் வரிசையில் இடம் இருந்தது, அதை இழக்க மனம் வரவில்லை. நீ வாசிக்கிற கடிதங்களில் அவர்கள் அதை எழுதியிருக்க மாட்டார்கள். தாய் எழுதுகிறேன், வைத்துக்கொள்.

கோயிலில் ஒரு மனுசி புவனத்தின் டெலிபோன் இலக்கத்தைத் தந்து இரண்டு வருஷம். டயறியில் எழுதி வைத்துவிட்டு, பக்கத்தைப் புரட்டிப் புரட்டிப் பார்த்ததுதான் மிச்சம். உன்னோடு கதைத்த மூன்றாம் நாள், அப்பா லைப்ரரிக்குப் போன நேரம் எடுத்தேன். குரலை உடனே பிடித்துவிட்டாள். "அக்காவே" என்றாள். அதற்குப் பிறகு ஐந்து நிமிஷம் ஊர்க்கதை. உன்னைப் பற்றி விசாரித்தாள், வரலாறு என்றதும் எடுத்த எடுப்பில் நல்லது என்றாள், அப்படிச் சொன்ன முதல் ஆள் அவள்தான். மனுசனைப் பற்றி இன்னும் சேதி இல்லை. நளினி பாங்கில் வேலையாம். தமிழ் கதைப்பாளாம், வாசிக்கத் தெரியாதாம். அவள் அதைக் குற்றமாகச் சொல்லவில்லை, நான் கேட்டதற்குப் பதில் சொன்னாள். இந்தக் கடிதத்தை நீ எழுத்துக் கூட்டாமல் வாசிக்கிறாய் அல்லவா. அந்தப் புது மண்டபத்தில் படித்த தமிழ் அது.

நான் மன்னிப்புக் கேட்டேன். விவாதப் போட்டிக்காரிக்கு ஒரு வசனம் முழுசாக வரவில்லை. அவள் கேட்டுக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னாள்:

"பேசினதுக்கு எனக்குக் கோவமில்லை அக்கா. உங்கட வாய் எனக்குத் தெரியும்தானே. கோப்பை கழுவேக்க நீங்கள் உள்ள வருவியள் எண்டு பாத்துக்கொண்டு நிண்டனான். கழுவினதையே திருப்பித் திருப்பிக் கழுவினனான்."

அப்பா காரில் காத்துக்கொண்டிருந்தார் என்று அவளுக்கும் சொல்ல நினைத்தேன், வாய் வரவில்லை. இந்தக் கடிதத்தில் உனக்கும் அப்படித்தான் மேலே எழுதியிருக்கிறேன். அது பொய். அப்பா அன்றைக்கு உள்ளே கதிரை அடுக்கிக்கொண்டிருந்தார். காருக்குள் நான்தான் அரை மணித்தியாலம் தனிய இருந்தேன். அதற்கு முதல் கோட்டை எடுக்கப் போனேன், மண்டபத்தில் கோட்டுக் கொழுவுகிற இடம் குசினிக் கதவுக்குப் பக்கத்தில். கதவு நீக்கலாகத் திறந்துதான் இருந்தது, கோட்டு என் கையில் இருந்தது. தண்ணீர் ஓடுகிற சத்தம் நின்றது, பிறகு திரும்ப ஓடியது, திரும்ப நின்றது. நான் கேட்டுக்கொண்டு நின்றேன்.

அம்மா